காப்பு என்னும் சொல்லும் பிரிக்கப்பட்ட குழந்தைகளும்

பிள்ளைத்தமிழின் பத்துப் பருவங்களுள் முதலாவது காப்புப் பருவம். குழந்தையைக் காக்குமாறு தெய்வங்களை வேண்டுவது அப்பருவத்தின் பொருள். பிறந்த குழந்தையின் கையில் இடும் வளையத்துக்கும் காப்பு என்றே பெயர். பேச்சுவழக்கிலோ அதே சொல் கைவிலங்கையும் குறிக்கும். காப்பதும் பூட்டுவதும் ஒரு சொல்லுக்குள் அடங்கிக் கிடப்பது தமிழுக்கு மட்டும் நேர்ந்ததன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து ஆஸ்திரேலியக் குடியேற்றங்களில் ஆதிக்குடிகளுக்கென இயற்றப்பட்ட சட்டங்கள் பல, தம் பெயரிலேயே ‘காப்பு’ என்ற சொல்லைத் தாங்கியிருந்தன. அவற்றை நடைமுறைப்படுத்திய அதிகாரிக்குக் ‘காப்பாளர்’ என்று பெயர். ஆதிக்குடிக் குழந்தைகளைத் தாயிடமிருந்து பிரிப்பது அக்காப்பாளருக்குச் சட்டம் வழங்கிய அதிகாரங்களுள் ஒன்று.

இவ்வரலாறு ‘திருடப்பட்ட தலைமுறைகள்’ என்ற பெயரில் உலகறிந்தது. 2008 பிப்ரவரி 13 அன்று பிரதமர் கெவின் ரட் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கோரியதோடு அது முடிந்துவிட்டதாகவே பலரும் எழுதுகின்றனர். ஆனால் இன்றைய ஆஸ்திரேலியாவில் குழந்தைகளின் மொத்த எண்ணிக்கையில் ஏறத்தாழ 6 விழுக்காடாக உள்ள ஆதிக்குடி, டோரஸ் நீரிணைத் தீவினக் குழந்தைகள், பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்டு அரசின் பராமரிப்பில் வாழும் குழந்தைகளுள் 40 விழுக்காட்டுக்கும் மேற்பட்டோராக உள்ளனர். மன்னிப்புக் கேட்ட நாட்டில் இது எவ்வாறு தொடர்கிறது? விடையின் பெரும்பகுதி வறுமையிலும் நிலப்பறிப்பிலும் கிடக்கிறது. இன்னொரு பகுதி சட்டத்தின் சொற்களில் கிடக்கிறது. ‘பெற்றோர்’, ‘வீடு’, ‘புறக்கணிப்பு’ ஆகிய மூன்று சொற்களுக்கு அரசு என்ன பொருள் கொண்டது என்பதே அப்பகுதி.

*

1. சட்டம் தாயின் இடத்தில் அமர்ந்த விதம்

குழந்தைகளைப் பிரித்து வளர்க்கும் முயற்சி குடியேற்றத்தின் தொடக்க காலத்திலேயே உருவாகிவிட்டது. நியூ சவுத் வேல்ஸ் ஆளுநர் லாக்லன் மக்குவாரி 1814இல் பரமட்டாவில் ஆதிக்குடிக் குழந்தைகளுக்கென ஒரு நிறுவனத்தை ஏற்படுத்தினார். அது சிறிய முயற்சி. சட்டத்தின் முழு வலிமை அதன் பின்னால் இல்லை. விக்டோரியாவில் 1869இல் இயற்றப்பட்ட காப்புச் சட்டமே அரசுக்கு இவ்விஷயத்தில் பரந்த அதிகாரத்தை வழங்கியது. ஆதிக்குடிகள் எங்கே வாழ வேண்டும், யாரிடம் வேலை செய்ய வேண்டும், அவர்களுடைய குழந்தைகள் யாருடைய பொறுப்பில் வளர வேண்டும் என்பவற்றை ஒழுங்குபடுத்த அச்சட்டம் வழிவகுத்தது. 1886இல் வந்த திருத்தம், கலப்பு மரபினர் எனக் கருதப்பட்ட இளவயதினரைக் காப்பு நிலையங்களைவிட்டு வெளியேற்றியது. ஒரே குடும்பத்தில் சிலர் உள்ளேயும் சிலர் வெளியேயும் ஆயினர்.

1897இல் குயின்ஸ்லாந்து தன் சட்டத்தை இயற்றியது. ஆதிக்குடிகளின் காப்பும் அபின் விற்பனைத் தடையும் ஒரே சட்டத்தின் தலைப்பில் இணைந்திருந்தன. அதே 1897இல்தான் பிரிட்டிஷ் இந்தியாவில் குற்றப்பரம்பரைச் சட்டம் திருத்தப்பட்டு, பட்டியலிடப்பட்ட சமூகங்களின் சிறுவர்களைப் பெற்றோரிடமிருந்து பிரித்துச் சீர்திருத்தக் குடியிருப்புகளில் வைக்கும் அதிகாரம் மாகாண அரசுகளுக்கு அளிக்கப்பட்டது. ஒன்றைப் பார்த்து மற்றொன்று எழுதப்பட்டது என்று கொள்ளத் தேவையில்லை. ஒரே பேரரசின் இரு மூலைகளில் ஒரே எண்ணம் ஒரே ஆண்டில் சட்டமாயிற்று என்பதே கவனத்துக்குரியது. சமூகத்தை மாற்ற வேண்டுமாயின் குழந்தையைப் பெற்றோரின் கையிலிருந்து எடுத்துவிட வேண்டும் என்பதே அவ்வெண்ணம். பெற்றோரின் குணம் குழந்தைக்குத் தொற்றும் நோய் என்ற கருத்து இரு சட்டங்களிலும் பேசாமல் பேசுகிறது.

மேற்கு ஆஸ்திரேலியாவின் 1905ஆம் ஆண்டுச் சட்டம் இன்னும் வெளிப்படையானது. 16 வயதுக்குட்பட்ட ஆதிக்குடிக் குழந்தைகள் அனைவருக்கும், கலப்பு மரபுக் குழந்தைகள் அனைவருக்கும், தலைமைக் காப்பாளரே சட்டப்படியான பாதுகாவலர் என்று அது அறிவித்தது. தாய் உயிரோடு இருப்பினும், தந்தை உழைத்துக் காப்பாற்றினும், குழந்தை பிறந்த நொடியிலிருந்து அரசின் பொறுப்பு. எதையும் மெய்ப்பிக்க வேண்டிய கடமை அரசுக்கு இல்லை. 1915 முதல் 1940 வரை இத்துறைக்குத் தலைமை தாங்கிய ஏ. ஓ. நெவில், பெரும் நிலப்பரப்பெங்கும் சிதறி வாழ்ந்த குழந்தைகளின் வாழ்க்கையைப் பெர்த் நகரத்து அலுவலகத்திலிருந்து முடிவு செய்தார். 1918இல் அமைந்த மூர் ரிவர் குடியிருப்புக்கு அக்குழந்தைகள் அனுப்பப்பட்டனர். 1931இல் அங்கிருந்து தப்பிய மூன்று சிறுமியர் முயல் தடுப்பு வேலியைத் துணையாகக் கொண்டு ஜிகலாங் நோக்கி நடந்தனர். அவர்களுள் இருவர் ஏறத்தாழ 1,600 கிலோமீட்டர் கடந்து வீடு சேர்ந்தனர். பிற்காலத்தில் நூலாகவும் திரைப்படமாகவும் உலகெங்கும் சென்றது அவர்களுடைய கதை. நடந்து திரும்ப இயலாத தொலைவுக்கு அனுப்பப்பட்ட குழந்தைகளோ பலர்.

நியூ சவுத் வேல்ஸில் 1909ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, குழந்தை புறக்கணிக்கப்பட்டது என்பதை நீதிபதி முன் காட்ட வேண்டியிருந்தது. காப்பு வாரியத்துக்கு இது தடையாகத் தோன்றிற்று. 1915ஆம் ஆண்டுத் திருத்தம் அத்தடையை நீக்கியது. குழந்தையின் ஒழுக்க நலனுக்கோ உடல் நலனுக்கோ உகந்தது என்று வாரியம் கருதினாலே போதும், நீதிமன்றம் தேவையில்லை. அத்திருத்தம் விவாதிக்கப்பட்டபோதே, பெற்றோரிடமிருந்து குழந்தையைத் திருடுவதற்கே இது வழிவகுக்கும் என்று மெக்கேரி என்னும் உறுப்பினர் நாடாளுமன்றத்தில் எதிர்த்துப் பேசினார். ‘திருட்டு’ என்ற சொல் பிற்காலத்தார் உணர்ச்சி மேலீட்டால் சூட்டியது என்று வாதிடுவோர் இதனை நினைவிற் கொள்ள வேண்டும். அச்சொல் சட்டத்தின் பிறப்பிலேயே அதனருகில் நின்றது.

சிறுமியர் கூட்டமுண்ட்ரா பயிற்சி இல்லத்தில் வீட்டுவேலைக்குப் பழக்கப்பட்டு, பின்னர் வெள்ளையர் இல்லங்களுக்கு அனுப்பப்பட்டனர். ஊதியத்தின் பெரும்பகுதி வாரியத்தின் கணக்கில் சேர்ந்தது. சிறுவருக்கான கிஞ்சேலா இல்லத்தில் பெயருக்குப் பதிலாக எண்களால் அழைக்கும் வழக்கம் இருந்ததை அங்கு வளர்ந்தோர் பதிவு செய்துள்ளனர். குழந்தையைப் பொறுப்பிலெடுத்ததற்கான காரணத்தை எழுதும் இடத்தில், அது ஆதிக்குடியாக இருப்பதையே காரணமாகக் குறித்த பதிவுகளும் உண்டு.

1937 ஏப்ரலில் கான்பெராவில் கூடிய ஆதிக்குடி நிர்வாக அதிகாரிகளின் மாநாடு இக்கொள்கையின் இறுதி இலக்கை மறைவின்றி எடுத்துரைத்தது. கலப்பு மரபினரை வெள்ளை மக்கள்தொகையில் கரைத்துவிட வேண்டும் என்பது அதன் தீர்மானம். ஆதிக்குடிகள் என்றொரு மக்கள் இருந்தனர் என்பதையே காலப்போக்கில் மறந்துவிடலாம் என்ற நோக்கில் நெவில் அங்கு வாதிட்டார்.

*

2. இனத்தின் இடத்தில் புறக்கணிப்பு

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு இனத்தைக் காரணம் காட்டிக் குழந்தையைப் பிரிப்பது நாகரிகமற்றதாகத் தோன்றத் தொடங்கியது. நியூ சவுத் வேல்ஸில் 1940இலேயே காப்பு வாரியம் ‘நல வாரியம்’ என்று பெயர் மாறிற்று. எல்லாக் குழந்தைகளுக்கும் பொதுவான குழந்தை நலச் சட்டத்தின்கீழ், நீதிமன்றத்தின் வழியே குழந்தைகள் எடுக்கப்பட வேண்டும் என்பது புதிய முறை. தோற்றத்தில் இது முன்னேற்றமே.

நடைமுறை வேறு. புறக்கணிப்பை அளக்கும் கோல் நகரத்து நடுத்தர வெள்ளைக் குடும்பத்தின் வீடு. தனித்தனிக் கட்டில்கள் உள்ளனவா, அலமாரியில் உணவு உள்ளதா, குழந்தை ஒரே வீட்டில் தங்குகிறதா, வீட்டில் உள்ளோர் எண்ணிக்கை அறைகளுக்குப் பொருந்துகிறதா என்பனவே கேள்விகள். நிலம் பறிக்கப்பட்டு, நகர எல்லைக்கு வெளியே தகரக் கொட்டகைகளில் வாழுமாறு தள்ளப்பட்டு, சம ஊதியம் மறுக்கப்பட்ட மக்களிடம் இக்கேள்விகள் கேட்கப்பட்டன. வறுமையை உண்டாக்கிய அரசே வறுமையைக் குற்றமாகப் பதிந்துகொண்டது. நலத்துறை வண்டி வருவதறிந்தால் குழந்தைகளைப் புதரில் ஒளித்துவைத்ததையும், வெளிர்நிறக் குழந்தைகளின் தோலில் கரி பூசியதையும் பல குடும்பங்கள் பின்னாளில் விசாரணையின் முன் சொல்லியுள்ளன.

வட ஆட்புலத்தில் 1949 டிசம்பரில் வேவ் ஹில் பகுதியிலிருந்து குழந்தைகளை விமானத்தில் ஏற்றிச்சென்ற சுற்றுக்காவல் அதிகாரி டெட் எவன்ஸ், அத்தகைய துயரக் காட்சியை இனியொரு முறை காண விரும்பவில்லை என்ற பொருளில் தம் அறிக்கையில் எழுதினார். கட்டளையை நிறைவேற்றியவரின் கையெழுத்திலேயே அக்கட்டளையின் கொடுமை பதிவாகியுள்ளது. அன்றைய மனிதர்கள் நல்லெண்ணத்தோடு செய்தனர், அதன் கொடுமை அவர்களுக்குத் தெரியாது என்னும் வாதத்தை இவ்வறிக்கையோடு சேர்த்துப் படிக்க வேண்டும்.

*

3. ஒரு கோப்பு சொன்ன பொய்

கோப்பின் மொழி எவ்வாறு இயங்கியது என்பதைப் புரூஸ் ட்ரெவாரோவின் வழக்கு தெளிவாகக் காட்டுகிறது. தெற்கு ஆஸ்திரேலியாவின் கூராங் பகுதியைச் சேர்ந்த ஙரின்ஜெரி குடும்பத்தில் பிறந்தவர் அவர். 1957 கிறிஸ்துமஸ் நாளில், 13 மாதக் குழந்தையாக இருந்தபோது, வயிற்றுப்போக்கு நோய் கண்டு அடிலெய்டு குழந்தைகள் மருத்துவமனைக்கு அண்டை வீட்டாரால் கொண்டுசெல்லப்பட்டார். தந்தையிடம் வண்டி இல்லை. மருத்துவமனைப் பதிவில் பெற்றோர் இல்லாத, புறக்கணிக்கப்பட்ட, ஊட்டம் குன்றிய குழந்தை என்று குறிக்கப்பட்டது. பெற்றோர் இருந்தனர், புறக்கணிக்கவும் இல்லை.

இரு வாரங்களுக்குள் குழந்தை ஒரு வெள்ளைக் குடும்பத்திடம் வளர்ப்புக்கு ஒப்படைக்கப்பட்டது. பெற்றோரிடம் யாரும் கேட்கவில்லை. சில மாதங்கள் கழித்துத் தாய், தம் குழந்தை எப்படி இருக்கிறது, எப்போது வீட்டுக்கு வரும் என்று வினவிக் காப்பு வாரியத்துக்குக் கடிதம் எழுதினார். குழந்தை தேறிவருகிறது, ஆனால் சிகிச்சைக்காக இன்னும் சிலகாலம் இருக்க வேண்டும் என்று மருத்துவர் கருதுகிறார் என மறுமொழி வந்தது. அக்கடிதம் எழுதப்பட்ட வேளையில் குழந்தை மருத்துவமனையை விட்டு நீங்கி மாதங்கள் கடந்திருந்தன.

பத்து வயதில் அவர் தாயிடம் திரும்பினார். தந்தை அதற்குள் இறந்துவிட்டார். அந்த வீட்டில் அவர் பொருந்தவில்லை. வளர்ப்பு வீட்டிலும் பொருந்தியதில்லை. மனச்சோர்வும் மதுவும் அவர் வாழ்வை ஆட்கொண்டன. 2007 ஆகஸ்டில் தெற்கு ஆஸ்திரேலிய உச்ச நீதிமன்ற நீதிபதி தாமஸ் கிரே, அரசு சட்ட அதிகாரமின்றிக் குழந்தையை எடுத்தது என்று தீர்ப்பளித்து 5,25,000 டாலர் இழப்பீடு வழங்கினார். அவ்வாறு எடுக்கும் அதிகாரம் தனக்கு இல்லை என்பதைத் துறை முன்பே சட்ட ஆலோசனை வழியாக அறிந்திருந்தது என்பதும் வழக்கில் வெளிவந்தது. நீதிபதி இன்னொன்றையும் எடைபோட்டார். அதே வறுமையில், அதே கூராங் குடிசையில் பெற்றோரோடு வளர்ந்த உடன்பிறந்தோர் மனவுறுதியோடு வாழ்ந்தனர். பிரித்தெடுக்கப்பட்டவரே நொறுங்கினார். தீர்ப்பு வந்து ஓராண்டு நிறையுமுன், 2008 ஜூனில், 51ஆம் வயதில் ட்ரெவாரோ இறந்தார்.

இவ்வெற்றி அரிதானது. 1997இல் க்ரூகர் வழக்கும் 2000இல் குபில்லோ, கன்னர் இருவரின் வழக்கும் தோற்றன. கன்னர் வழக்கில் ஓர் ஆவணம் முன்வைக்கப்பட்டது. மகனை அலிஸ் ஸ்பிரிங்ஸ் விடுதிக்கு அனுப்பக் கோரும், ஆங்கிலத்தில் எழுதப்பட்ட படிவம். கீழே தாயின் பெருவிரல் ரேகை. அவர் அதன் பொருளை உணர்ந்துதான் ரேகை வைத்தாரா என்பதை எவரும் சொல்ல முடியவில்லை. ஆயினும் அந்த ரேகை அரசுக்குத் துணைநின்றது. எழுத்தறியாதவரின் கைநாட்டுக்கு நீதிமன்றத்தில் நேரும் கதி என்ன என்பதை இந்தியாவில் நில வழக்குகளைக் கண்டோருக்கு விளக்க வேண்டியதில்லை.

*

4. ‘பெற்றோர்’ என்பவர் யார்?

இங்கே உறவுச்சொற்களைப் பற்றிச் சிறிது விரிவாகப் பேச வேண்டியுள்ளது.

தமிழில் தாயின் உடன்பிறந்தாள் பெரியம்மா அல்லது சின்னம்மா. தந்தையின் உடன்பிறந்தான் பெரியப்பா அல்லது சித்தப்பா. அச்சொற்களுக்குள்ளேயே அம்மாவும் அப்பாவும் உள்ளனர். அவர்களுடைய பிள்ளைகள் அண்ணன், தம்பி, அக்காள், தங்கை. அத்தையும் மாமாவும் வேறு வரிசை. ஆங்கிலத்திலோ இவ்விரு வரிசையும் கலந்து ‘ஆன்ட்டி’, ‘அங்கிள்’ என்னும் இரு சொற்களுக்குள் அடங்கிவிடுகின்றன. தாய் என்பது ஒரே ஒருத்தியை மட்டும் குறிக்கும்.

ஆஸ்திரேலியாவின் ஆதிக்குடி மொழிகள் பலவற்றின் அமைப்பு இவ்வகையில் ஆங்கிலத்தைவிடத் தமிழுக்கு அணுக்கமானது. மேற்குப் பாலைநிலத்தின் பிட்ஜன்ஜாட்ஜாரா மொழியில் ‘ஙுஞ்சு’ என்ற சொல் தாயையும் தாயின் சகோதரிகளையும் குறிக்கும். தமிழ்க் காதுக்கு மாமனை நினைவூட்டும் ‘மம’ என்ற சொல் அங்கே தந்தையையும் தந்தையின் சகோதரர்களையும் குறிக்கும். தாய்மாமனுக்குக் ‘கமுரு’ என்று தனிச்சொல் உண்டு. மானிடவியலாளர் ராட்கிளிஃப்-பிரவுன் 1913இல் விவரித்த மேற்கு ஆஸ்திரேலியக் கரியேரா உறவுமுறையைப் பின்வந்த ஆய்வாளர்கள் திராவிட உறவுமுறையின் அருகில் வைத்து ஆராய்ந்தனர். இது அமைப்பு ஒப்புமை மட்டுமே. இன உறவுக்கோ மொழி உறவுக்கோ இது சான்றாகாது. குமரிக்கண்டக் கற்பனைகளுக்கும் இதில் இடமில்லை.

இவ்வொப்புமையின் பயன் வேறு. பெரியம்மா வீட்டில் சில மாதங்கள், பாட்டி வீட்டில் சில ஆண்டுகள் என்று வளர்ந்த பிள்ளையைத் தமிழ்ச் சமூகத்தில் யாரும் கைவிடப்பட்ட குழந்தை என்று சொல்வதில்லை. ஆஸ்திரேலிய நலத்துறைக் கோப்பில் அதே நிலை ‘தாய் உடனில்லை’, ‘நிலையான வீடில்லை’, ‘மேற்பார்வை இல்லை’ என்று எழுதப்பட்டது. பராமரிப்புக்கான வலைப்பின்னலாக ஒரு சமூகம் கொண்டிருந்த ஏற்பாடே பராமரிப்பு இல்லாமைக்குச் சான்றாகப் பதிவாயிற்று. ஒரு மொழியில் தாய் எனப்படுபவள் இன்னொரு மொழியின் படிவத்தில் அயலாள் ஆனாள்.

பிரிவினை மொழியையும் அறுத்தது. 1788இல் ஆஸ்திரேலியாவில் 250க்கும் மேற்பட்ட மொழிகள் பேசப்பட்டன. 2020இல் வெளியான தேசிய ஆதிக்குடி மொழிகள் அறிக்கையின்படி, ஏதேனும் ஒரு வகையில் வழக்கிலுள்ளவை 123. குழந்தைகள் வரை உரம் குன்றாமல் பேசப்படுபவை 12 மட்டுமே. இந்த இழப்புக்குக் கொலைகளும் நோய்களும் இடப்பெயர்வும் காரணங்கள். விடுதிகளின் பங்கும் அதில் கணிசமானது. தாய்மொழி பேசினால் தண்டனை என்ற விதி பல இல்லங்களில் இருந்தது. மொழியைக் கற்பிக்க வேண்டிய பாட்டியோ நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பால் இருந்தாள். வளர்ந்து திரும்பிய பிள்ளைகள் தாயைக் கண்டபோது இருவருக்கும் பொதுமொழி இல்லாமற்போன நிகழ்வுகளும் உண்டு.

*

5. பெயரிடுதலும் மன்னிப்பும்

1980இல் கோரல் எட்வர்ட்ஸ், வரலாற்றாசிரியர் பீட்டர் ரீட் ஆகியோர் ‘லிங்க்-அப்’ என்னும் அமைப்பைத் தொடங்கிப் பிரிந்த குடும்பங்களைத் தேடிச் சேர்க்கலாயினர். அக்காலத்தில் ரீட் எழுதிய சிறுநூலின் வழியாகவே ‘திருடப்பட்ட தலைமுறைகள்’ என்ற தொடர் வழக்குக்கு வந்தது. அதுவரை தம் தாய் தம்மைக் கைவிட்டாள் என்றே நம்பி வளர்ந்தோர் பலர். தனிமனித அவமானமாகக் கிடந்த ஒன்று அரசின் செயலாக அடையாளம் காணப்பட்டதற்கு அத்தொடர் பெரிதும் உதவியது.

சிறைக்காவல் மரணங்களை ஆராய்ந்த அரச ஆணையம் 1991இல் தன் அறிக்கையை அளித்தது. ஆராயப்பட்ட 99 மரணங்களுள் 43 பேர் குழந்தைப்பருவத்தில் குடும்பத்திலிருந்து பிரிக்கப்பட்டவர்கள். குழந்தை நலத்துறையின் வாசலுக்கும் சிறையின் வாசலுக்கும் இடையே ஒரு பாதை இருப்பதை இவ்வெண்ணிக்கை காட்டியது. 1992 டிசம்பரில் ரெட்ஃபெர்னில் உரையாற்றிய பிரதமர் பால் கீட்டிங், குழந்தைகளைத் தாய்மாரிடமிருந்து எடுத்தவர்கள் தாங்களே என்று வெளிப்படையாக ஒப்புக்கொண்டார்.

ரொனால்ட் வில்சன், மிக் டாட்சன் ஆகியோர் தலைமையிலான தேசிய விசாரணையின் அறிக்கை 1997 மே 26 அன்று நாடாளுமன்றத்தில் வைக்கப்பட்டது. 500க்கும் மேற்பட்ட ஆதிக்குடியினர் அவ்விசாரணையில் சாட்சியம் அளித்தனர். 1910 முதல் 1970 வரை ஆதிக்குடிக் குழந்தைகளுள் பத்தில் ஒருவர் முதல் மூவரில் ஒருவர் வரை வலிந்து பிரிக்கப்பட்டனர் என்பது அதன் மதிப்பீடு. இப்பிரிவினை இனவழிப்பு ஒப்பந்தத்தின் வரையறைக்குள் அடங்கும் என்றும் அறிக்கை கூறியது. 54 பரிந்துரைகளுள் மன்னிப்பும் இழப்பீடும் முக்கியமானவை. ஜான் ஹோவார்ட் அரசு மன்னிப்புக் கேட்க மறுத்தது. 1999இல் வருத்தம் மட்டும் தெரிவித்தது. இழப்பீட்டுச் சட்டத்தை முதலில் இயற்றியது டாஸ்மேனியா, 2006இல்.

2008இல் மன்னிப்பு வந்தபோது நாடே தொலைக்காட்சி முன் நின்றது. ஆனால் 1997 அறிக்கையின் ஒரு பகுதி அக்காலத்துச் செய்தியாளரால் குறைவாகவே பேசப்பட்டது. அது நிகழ்காலத்தைப் பற்றியது. அன்று அரசின் பராமரிப்பிலிருந்த குழந்தைகளுள் ஆதிக்குடிக் குழந்தைகள் ஐவரில் ஒருவர் என்று அது எச்சரித்தது. இன்று அவ்விகிதம் ஐவரில் இருவரையும் தாண்டிவிட்டது.

*

6. இன்றைய படிவம்

இன்றைய குழந்தைப் பாதுகாப்புச் சட்டங்களில் இனம் பற்றிய சொல் ஏதும் குற்றச்சாட்டாக இல்லை. அவற்றை நடத்துவோருள் ஆதிக்குடி நலனில் உண்மையான அக்கறை கொண்டோர் பலர். வன்முறைக்கும் பாலியல் கொடுமைக்கும் ஆளாகும் குழந்தைகள் எல்லாச் சமூகங்களிலும் உள்ளனர். அவர்களைக் காப்பது அரசின் கடமை. இதனை ஆதிக்குடி அமைப்புகளும் மறுப்பதில்லை. பாதுகாப்பு வேண்டாம் என்று அவை கேட்கவில்லை. யார் முடிவு செய்வது, குழந்தை எங்கே செல்வது, குடும்பத்துக்கு முன்கூட்டியே என்ன உதவி கிடைத்தது என்பவையே அவை எழுப்பும் கேள்விகள்.

உறுதிசெய்யப்பட்ட குற்றச்சாட்டுகளுள் முன்னிற்பவை உணர்வு வதையும் புறக்கணிப்பும். குடும்ப வன்முறையைக் குழந்தை காண நேர்வது உணர்வு வதையாகக் கணக்கிடப்படுகிறது. விளைவாக, அடிபடும் தாய் காவல்துறையை அழைக்க அஞ்சுகிறாள். அழைத்தால் பிள்ளை போய்விடும். கருவுற்றிருக்கும்போதே தாயைப் பற்றி அறிவிக்கும் நடைமுறையும் உண்டு. அதனால் மருத்துவப் பரிசோதனைக்குச் செல்லவே தயங்குவோர் உள்ளனர். உதவிக்கான வாசலும் கண்காணிப்புக்கான வாசலும் ஒன்றேயாக இருப்பதன் விலை இது. குடும்பம் உடையுமுன் தாங்கிப்பிடிக்கும் பணிகளுக்குச் செல்வதைவிட, உடைந்தபின் நிகழும் விசாரணைக்கும் பராமரிப்புக்குமே நிதியின் பெரும்பகுதி செல்கிறது.

மெகன் டேவிஸ் தலைமையில் நியூ சவுத் வேல்ஸில் நடந்து 2019இல் வெளியான ஆய்வு, 2015-16இல் பராமரிப்புக்குள் கொண்டுவரப்பட்ட 1,144 ஆதிக்குடிக் குழந்தைகளின் கோப்புகளைப் பரிசீலித்து 125 பரிந்துரைகளை முன்வைத்தது. நீதிமன்றத்துக்குத் தவறான தகவல் அளிக்கப்பட்ட நேர்வுகளையும் அது சுட்டிக்காட்டியது. ட்ரெவாரோவின் கோப்புக்கும் இக்கோப்புகளுக்கும் இடையே அறுபது ஆண்டுகள். படிவம் மாறியிருக்கிறது, எழுதுபவருக்கும் எழுதப்படுபவருக்கும் இடையிலான அதிகாரத் தொலைவு அவ்வளவாக மாறவில்லை.

மாற்றத்துக்கான வழியும் ஆதிக்குடி மக்களிடமிருந்தே பிறந்தது. 1970களில் விக்டோரியாவில் உருவான ஆதிக்குடிக் குழந்தைப் பராமரிப்பு அமைப்பும், 1981இல் தேசிய அளவில் தோன்றிய ‘ஸ்நெய்க்’ அமைப்பும் ஒரு கோட்பாட்டை வலியுறுத்தின. பிரிக்க நேர்ந்தாலும் குழந்தை முதலில் உறவினரிடமும், இல்லையேல் தன் சமூகத்தாரிடமும், அதுவும் இல்லையேல் பிற ஆதிக்குடியினரிடமும் வளர வேண்டும் என்பது அது. 1983இல் வட ஆட்புலம் தொடங்கிப் படிப்படியாக எல்லா ஆட்சிப்பகுதிகளும் அதனை ஏற்றன. ஆனால் சட்டப்புத்தகத்தில் உள்ள கோட்பாடு நள்ளிரவில் குழந்தையை வண்டியில் ஏற்றும் அலுவலரின் நினைவில் இருக்க வேண்டும். பாட்டி எங்கே என்று தேட அவருக்கு நேரமும் இருக்க வேண்டும். அது நிகழாததைக் கண்டித்தே 2014இல் நியூ சவுத் வேல்ஸின் கன்னிடாவில் பாட்டிமார் தம் பேரப்பிள்ளைகளுக்காக ஓர் இயக்கம் தொடங்கினர்.

விக்டோரியாவில் 2017 முதல் சில குழந்தைகளின் சட்டப் பொறுப்பே ஆதிக்குடி அமைப்புகளிடம் ஒப்படைக்கப்படுகிறது. 2020இன் தேசிய உடன்பாடு, பராமரிப்பில் உள்ள ஆதிக்குடிக் குழந்தைகளின் மிகைவிகிதத்தை 2031க்குள் 45 விழுக்காடு குறைக்க இலக்கு வகுத்தது. ஆனால் அம்மிகைவிகிதம் அதன்பின் குறையவில்லை.

இது ஒரு நாட்டின் கதை மட்டுமன்று. கனடாவின் 2021ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில், 14 வயது வரையுள்ள குழந்தைகளுள் 7.7 விழுக்காடாக இருந்த தொல்குடிக் குழந்தைகள், வளர்ப்பு இல்லங்களில் 53.8 விழுக்காடாக இருந்தனர். அமெரிக்காவில் தொல்குடிக் குழந்தைகளைத் தம் குலத்தோடு இணைத்துவைக்க 1978இல் இயற்றப்பட்ட சட்டம் கடும் எதிர்ப்பைச் சந்தித்து, 2023இல் உச்ச நீதிமன்றத்தில் நிலைபெற்றது.

*

2020இல் குயின்ஸ்லாந்து நாடாளுமன்றம் ஒரு சட்டத்தை நிறைவேற்றியது. அதன் பெயர் ஆங்கிலத்தில் தொடங்கவில்லை. டோரஸ் நீரிணைத் தீவுகளின் மொழிகளில் ‘மெரிபா ஓமஸ்கெர் கஸிவ் கஸிபா’. எங்கள் பிள்ளைகளின் பிள்ளைகளுக்காக என்பது பொருள். அத்தீவுகளில் ஒரு குடும்பத்தின் குழந்தையை உறவினர் குடும்பம் தன் குழந்தையாக ஏற்று வளர்க்கும் வழக்கம் தலைமுறை தலைமுறையாக உண்டு. ஆனால் பிறப்புச் சான்றிதழில் பெற்றவர் பெயரே இருந்ததால், வளர்த்தவர் பள்ளியிலும் மருத்துவமனையிலும் அயலாராகவே நின்றனர். அவ்வளர்ப்பைச் சட்டப்படியான பெற்றோர்மையாக ஏற்கும் வழியை இச்சட்டம் திறந்தது. பல்லாண்டுகள் அத்தீவினர் கேட்டுப் பெற்றது இது.

1897இல் இதே குயின்ஸ்லாந்து இயற்றிய சட்டத்தின் பெயரில் ‘காப்பு’ இருந்தது. அச்சட்டத்தின்கீழ் தாயும் தகப்பனும் அயலாராயினர். 123 ஆண்டுகள் கழித்து அந்நாடாளுமன்றமே, யார் தாய், யார் தகப்பன் என்பதை அம்மக்களின் வழக்கத்திடம் கேட்டு எழுதிக்கொண்டது. ஐவரில் இருவர் என்ற விகிதம் ஒரு சட்டத்தால் மாறாது. ஆனால் அவ்விகிதம் மாற வேண்டுமாயின், பிற மாநிலங்களின் நலத்துறைப் படிவங்களிலும் ‘பெற்றோர்’ என்ற கட்டத்தை நிரப்பும் உரிமை முதலில் அக்குழந்தையின் உறவினருக்கு வர வேண்டும்.